மெழுகுப் பாம்பும் நட்ட உலக்கையும்

2019 டிசம்பர் 26, மார்கழி அமாவாசை. காலை எட்டு மணிக்கு மேல் நிலா சூரியனைக் கொஞ்சம் கொஞ்சமாக மறைக்கத் தொடங்கியது. கோவை, ஈரோடு, திண்டுக்கல், திருச்சி என்று வந்த வளையக் கிரகணத்தின் பாதையில் புதுக்கோட்டையும் இருந்தது. எங்கள் வீட்டு முற்றத்தில் அப்பாயி பித்தளைத் தாம்பாளத்தை வைத்து மஞ்சள் தண்ணீர் ஊற்றினார். நடுவில் உலக்கையை நிமிர்த்தி வைத்துக் கையை மெதுவாக எடுத்தார். நின்றது. “கிரகணம் விட்டதும் தானா சாஞ்சிரும். அதுவரைக்கும் யாரும் கிட்டப் போகாதீங்க” என்றார். அடுப்பு மூட்டவில்லை. தயிர்ச் சட்டியில் தர்ப்பைப் புல் கிடந்தது. ஒன்பதரை மணி வாக்கில் வெயிலின் நிறம் மங்கியது. வேப்பமரத்தடியில் இலை இடுக்கு வழியாக விழுந்த ஒளிப்பொட்டுகள் ஒவ்வொன்றும் ஒரு சின்ன வளையலாக மண்ணில் கிடந்தன.

அடிப்பாகம் சமமாக இருந்தால் உலக்கையை எந்த நாளிலும் நிறுத்தலாம். அது எனக்குத் தெரியும். ஆனாலும் வளையம் நீடித்த அந்த மூன்று நிமிடமும் வானத்தைவிட உலக்கையைத்தான் அதிகம் பார்த்துக்கொண்டிருந்தேன். சூரியனுக்கு ஏதோ ஆகிவிட்டது, நம்மால் முடிந்த ஒன்றை நாமும் செய்ய வேண்டும் என்ற பதைப்பு அந்த உலக்கையில் நின்றது.

பண்டைய எகிப்தியருக்கு அந்தப் பதைப்பு தினசரிக் கடமையாக இருந்தது. பிரெம்னர்-ரைண்ட் பாப்பிரஸ் என்ற பழைய சுவடி லண்டனில் உள்ள பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. எழுதப்பட்ட காலம் கி.மு. நான்காம் நூற்றாண்டின் இறுதி. சூரியனை விழுங்கப் பார்க்கும் ஆபெப் என்ற பெரும்பாம்பை வீழ்த்தும் சடங்கு அதில் விரிவாக உள்ளது. பாம்பை மெழுகில் செய்ய வேண்டும். புதிய பாப்பிரஸ் தாளில் பச்சை மையால் அதன் உருவத்தை எழுத வேண்டும். பிறகு அதன்மேல் துப்ப வேண்டும், இடது காலால் மிதிக்க வேண்டும், கத்தியால் அறுக்க வேண்டும், தீயில் போட வேண்டும். கிரகணம் வந்தால் மட்டும் செய்வதல்ல இது. சூரியன் அன்றாடம் கடக்கும் ஆபத்துக்கு எதிராக, அவனுடைய பிரம்மாண்டமான கோயிலில் பூசாரிகள் செய்துகொண்டே இருந்த வேலை.

இரண்டு நாட்டுக்கும் ஒரே சூரியன்தான். நைல் கரையில் அவன் தெய்வங்களுக்கெல்லாம் அரசனானான். காவிரிக்குத் தெற்கே, எங்கள் வறண்ட மண்ணில், சிவன் கோயில் சுற்றாலையில் ஓர் ஓரத்தில் நின்றான். ஏன் இப்படி? இதற்குச் சொல்லப்பட்ட விடைகள் பல. அவற்றில் எதை ஏற்கலாம், எதைத் தள்ளலாம் என்று பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை.

முதலில் எகிப்தின் கதையைச் சொல்லிவிட வேண்டும். அங்கே சூரியனுக்குப் பொதுப்பெயர் ரா. பொழுதுக்கு ஏற்ப உருவம் மாறும். காலையில் அவன் கெப்ரி, சாணி வண்டு. முதல் மழைக்குப் பிறகு எங்கள் பக்கத்து மேய்ச்சல் தரையில் அந்த வண்டைப் பார்க்கலாம். பின்னங்கால்களால் சாண உருண்டையைத் தள்ளியபடி பின்னோக்கியே போகும். மேடு வந்தால் உருண்டையோடு புரண்டு விழும். எழுந்து மறுபடி தள்ளும். மண்ணுக்குள் புதைத்த அந்த உருண்டையிலிருந்து ஒருநாள் புதுவண்டு தானாக வெளியே வரும். அடிவானத்துக்குக் கீழேயிருந்து சூரியனை உருட்டிக்கொண்டு வருவது யார் என்ற கேள்விக்கு எகிப்தியர் கண்ட விடை இந்த வண்டு. உச்சிப்பொழுதில் அவன் பருந்துத் தலையுள்ள ரா. சாயங்காலத்தில் ஆத்தும் என்ற முதியவன்.

பகலெல்லாம் அவன் ஒரு படகில் போகிறான். நம் சூரியனுக்கு ஒற்றைச் சக்கரத் தேரும் ஏழு குதிரையும் அருணன் என்ற சாரதியும். வண்டிப்பாதை உள்ள நாட்டில் தேர், ஆற்றையே நெடுஞ்சாலையாகக் கொண்ட நாட்டில் படகு. 1954-இல் கீசாவின் பெரிய பிரமிடுக்கு அருகே, மூடப்பட்ட குழியில், கூஃபு மன்னனுக்காகப் புதைத்த ஒரு மரக்கப்பல் பிரித்து அடுக்கிய நிலையில் கிடைத்தது. 1,224 துண்டுகள். பல ஆண்டு உழைப்பில் பொருத்தி முடித்தபோது நீளம் 43 மீட்டருக்கு மேல் இருந்தது. மன்னன் இறந்தபின் சூரியனோடு வானில் போவதற்கான படகு இது என்பது பலர் ஏற்ற கருத்து. சவ ஊர்வலத்துக்குப் பயன்பட்டது என்பாரும் உண்டு.

என்னை அதிகம் ஈர்த்தது அவனுடைய இரவுதான். சூரியன் மேற்கே மறைந்ததும் பாதாளத்துக்குள் நுழைகிறான். அங்கே பன்னிரண்டு மணி நேரமும் பன்னிரண்டு நாடுகள். மூன்றாம் துத்மோசின் கல்லறைச் சுவர்களில் இந்தப் பயணம் முழுதாகத் தீட்டப்பட்டிருக்கிறது. நான்காம் மணியில் ஆறு வற்றி வெறும் மணலாகிறது. படகு பாம்பாக மாறி மணலில் ஊர்கிறது, முன்னே நின்று கயிறு கட்டி இழுக்கிறார்கள். நள்ளிரவில் ரா, இறந்தவர்களின் அரசனான ஒசிரிசின் உடலோடு ஒன்றாகிறான். அந்தக் கலப்பில்தான் அவனுக்கு மீண்டும் உயிர் வருகிறது. அடுத்த மணியில் ஆபெப் வழிமறித்து, படகு மிதக்கும் நீரையெல்லாம் குடித்துவிடப் பார்க்கிறான். ஐசிஸ் தேவியின் மந்திரம் அவனைக் கட்டுகிறது. கடைசி மணியில் படகை ஒரு நெடும்பாம்பின் வாலுக்குள் நுழைத்து வாய் வழியாக இழுக்கிறார்கள். கிழவர்களாக உள்ளே போனவர்கள் குழந்தைகளாக வெளியே வருகிறார்கள். விடிகிறது.

நம் சூரியனுக்கு இப்படி ஓர் இரவுக் கதை இல்லை. மேரு மலையைச் சுற்றி அந்தப் பக்கம் போகிறான் என்பதோடு முடிந்துவிடும். இரவில் அவன் என்ன ஆனான் என்று நாம் கேட்கவே இல்லை. இரண்டு தெய்வங்களும் பிரியும் இடம் இதுதான் என்று நினைக்கிறேன்.

ராவுக்கு இப்படி ஓர் இடம் கிடைத்ததற்கு அரசியல் காரணம் சொல்வோர் உண்டு. அதில் வலு இருக்கிறது. நான்காம் அரச மரபில், கூஃபுவின் மகன் ஜெதெஃப்ரே காலத்தில் மன்னர் பட்டங்களோடு ‘ராவின் மகன்’ என்பதும் சேர்ந்தது. ஐந்தாம் மரபின் ஆறு மன்னர்கள் ராவுக்கென்றே தனிக் கோயில்கள் எடுத்தார்கள். ஹீலியோபோலிஸ் நகரம் அந்த வழிபாட்டின் தலைமையிடம். இன்று கெய்ரோவின் நெரிசலான ஒரு பகுதியில், முதலாம் செனுஸ்ரெத் நட்ட ஒற்றைக்கல் தூண் மட்டும் அதன் நினைவாக நிற்கிறது. பிறகு தீபஸ் நகரத்து ஆமுன் பெருந்தெய்வமானபோது அவனும் ஆமுன்-ரா ஆனான். எந்தத் தெய்வம் மேலே வந்தாலும் ராவோடு சேர்ந்துதான் வர வேண்டியிருந்தது.

ஒருவன் மட்டும் சேர்ப்பதற்குப் பதில் அழிக்கப் புறப்பட்டான். கி.மு. 1353 வாக்கில் அரியணை ஏறிய ஆக்கெனாத்தென், வண்டும் பருந்தும் படகும் வேண்டாம் என்றான். கண்ணுக்குத் தெரியும் வட்டமே தெய்வம், அதன் பெயர் ஆத்தென். வட்டத்திலிருந்து கீழே இறங்கும் கதிர்கள் ஒவ்வொன்றும் சிறு கையாக முடியும் சிற்பங்கள் அவன் காலத்தவை. மன்னன், அரசி நெஃபெர்தித்தி, மடியில் குழந்தைகள். மேலேயிருந்து கதிர்க்கைகள் அவர்களுடைய மூக்கருகே உயிரின் குறியை நீட்டுகின்றன. பார்க்கப் பார்க்க அன்பு கூடும் சிற்பங்கள். ஆனால் அதே மன்னனின் ஆட்கள் உளியோடு ஊர் ஊராகப் போய் ஆமுனின் பெயரைக் கல்லிலிருந்து செதுக்கி எடுத்தார்கள். இரவுப் பயணத்தையும் ஒசிரிசையும் அவன் ஓரங்கட்டினான். இறந்தவர்கள் எங்கே போவார்கள் என்று கேட்ட மக்களுக்கு அவனிடம் நிறைவான விடை இல்லை. அவன் இறந்த சில ஆண்டுகளிலேயே பழைய தெய்வங்கள் திரும்பிவிட்டன. வாரிசாக வந்த சிறுவன் துத்தன்காத்தென் என்ற பெயரைத் துத்தன்காமுன் என்று மாற்றிக்கொண்டான்.

உருவமில்லாத தெய்வத்தைக் கும்பிடுவது நம் மாவட்டத்துக்குப் புதிதல்ல. ஆவுடையார்கோயில் கருவறையில் லிங்கம் இல்லை, ஆவுடை மட்டுமே உண்டு. வடித்த சோற்றின் ஆவிதான் நைவேத்தியம். ஆனால் அதற்காக வேறு எந்தச் சாமியின் பெயரும் அழிக்கப்படவில்லை. அதே கோயிலின் தூண்களில் எத்தனை எத்தனை உருவங்கள்!

இனி நார்த்தாமலைக்கு வருவோம். புதுக்கோட்டையிலிருந்து திருச்சி போகும் வழியில் இருக்கும் மொட்டைப் பாறைக் குன்றுகள். மேலமலையில் விஜயாலய சோழீச்சரம் மேற்குப் பார்த்து நிற்கிறது. சாத்தன் பூதி என்ற இளங்கோவதியரையர் எடுத்த கற்றளி மழையில் சிதைய, மல்லன் விடுமன் என்ற தென்னவன் தமிழதியரையன் புதுப்பித்தான் என்று கல்வெட்டு சொல்கிறது. கோயிலைச் சுற்றி எட்டுச் சிற்றாலயங்கள் இருந்தன. எல்லாம் இன்று முழுதாக இல்லை. எட்டும் பரிவாரத் தெய்வங்களுக்கானவை. முற்காலச் சோழ நாட்டு வழக்கப்படி பிள்ளையார், முருகன், சேட்டை, ஏழு கன்னியர், சண்டிகேசுவரர் ஆகியோரோடு சூரியனுக்கும் சந்திரனுக்கும் அதில் இடம் உண்டு. கொடும்பாளூர் மூவர் கோயிலைச் சுற்றியும் இப்படியொரு சிற்றாலய வரிசையின் அடித்தளங்கள் தெரிகின்றன.

அந்தச் சூரியன் எப்படி இருப்பான் என்பதைப் பிற முற்சோழக் கோயில்களில் பார்க்கலாம். நேராக நிற்பான், வளைவே இல்லை. இரண்டு கையும் தோள் உயரத்துக்குத் தூக்கியபடி. ஒவ்வொன்றிலும் ஒரு தாமரை. தலைக்குப் பின்னால் வட்டம். கால் வெறுங்கால். வடநாட்டுச் சூரியனின் காலில் முழங்கால்வரை பூட்ஸ் இருக்கும். ஈரானியப் பக்கத்திலிருந்து வந்த பூசாரிகளோடு வந்த உடை அது. அங்கே காஷ்மீரில் மார்த்தாண்டம், குஜராத்தில் மோதேரா, ஒடிசாவில் கோனார்க் என்று சூரியனுக்கென்றே பெருங்கோயில்கள் எழுந்தன. தமிழ்நாட்டில் அந்த வரிசையில் சொல்ல ஆடுதுறைக்கு அருகே சூரியனார் கோயில் ஒன்றுதான். முதலாம் குலோத்துங்கன் காலத்தது. கல்வெட்டில் அதன் பெயர் குலோத்துங்கசோழ மார்த்தாண்டாலயம். சூரிய வழிபாட்டில் ஊன்றிய கன்னோசி காகடவாலர்களோடு அவனுக்கிருந்த உறவே இதற்குத் தூண்டுதல் என்று அறிஞர்கள் கருதுவதுண்டு. இத்தனைக்கும் சோழர்கள் தங்களைச் சூரிய குலம் என்றவர்கள். திருவாலங்காட்டுச் செப்பேடு அந்தக் குலமுறையைச் சூரியனில்தான் தொடங்குகிறது. ஆதித்தன் என்று பெயர் வைத்துக்கொண்ட சோழனே கட்டியது சிவனுக்கு. பிற்காலத்தில் சூரியன் நவகிரக மேடையின் நடுவில் போய் நின்றான். இன்று நாம் விளக்கேற்றிச் சுற்றுவது அவனைத்தான் என்றாலும், மனசெல்லாம் பக்கத்தில் நிற்கும் சனியிடம் இருக்கிறது.

இதற்கு எளிதாகச் சொல்லப்படும் காரணம் வெயில். எங்கள் மாவட்டம் கண்மாயை நம்பிய வானம் பார்த்த பூமி. வெயிலுக்குக் குறைவில்லை, மழைக்குத்தான் தவிப்பு. எது கிடைக்காதோ அதைத்தான் மனிதன் கும்பிடுவான் என்பார்கள். நார்த்தாமலையிலேயே இதற்குச் சாட்சி உண்டு. மேலே சூரியனின் சிற்றாலயம் இருந்த பாறை வெறிச்சோடிக் கிடக்க, கீழே முத்துமாரியம்மன் கோயிலில் பங்குனித் திருவிழாவுக்குக் கூட்டம் அலைமோதும். மாரி என்றால் மழை. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இந்த வாதம் எகிப்தில் நிற்காது. அங்கே வெயில் நம்மைவிட அதிகம், மழை அநேகமாக இல்லை. வயிற்றுக்குச் சோறு போட்டது நைல் வெள்ளம். அப்படியானால் வெள்ளத்தின் தெய்வமான ஹாப்பி அல்லவா அரசனாகியிருக்க வேண்டும்? ஆகவில்லை.

என் முடிவு வேறு. எகிப்தியர் சூரியனை மரணத்தோடு கட்டினார்கள். தினமும் செத்துத் தினமும் திரும்பி வரும் ஒரே பொருள் அவன்தான். மன்னன் திரும்பி வர வேண்டுமென்றால், பிறகு காலப்போக்கில் எல்லா மனிதரும் திரும்பி வர வேண்டுமென்றால், சூரியனின் படகில் ஏற வேண்டும். படகு கவிழ்ந்தால் எல்லாம் போச்சு. அதனால்தான் அந்த மெழுகுப் பாம்பு. நாம் சூரியனைச் சத்தியத்தோடு கட்டினோம். அவன் வருவானா என்ற சந்தேகம் நமக்கு இல்லை. வருவான், பார்த்துக்கொண்டிருப்பான், அவன் சாட்சி.

இதற்குச் சிலப்பதிகாரத்தைவிட நல்ல ஆதாரம் இல்லை. பூம்புகாரில் உச்சிக்கிழான் கோட்டம் என்ற சூரியன் கோயில் இருந்ததாக அது சொல்கிறது. நூல் தொடக்கத்திலேயே திங்களுக்கு அடுத்து ஞாயிற்றைப் போற்றுகிறது. கோவலனும் கண்ணகியும் மதுரைக்குப் போகும் வழி எங்கள் கொடும்பாளூர் வழியாகத்தான் சொல்லப்படுகிறது. அங்கே பாதை சூலம்போல் மூன்றாகப் பிரிகிறது. மேலே போகும்போது வெயிலைக் கண்ணகி தாங்கமாட்டாள் என்று பகலில் தங்கி நிலவொளியில் நடக்கிறார்கள். வழியெல்லாம் எந்தச் சூரியனுக்கு அஞ்சி ஒதுங்கினாளோ, கணவன் கள்வனெனக் கொல்லப்பட்ட பின் அந்தச் சூரியனையே கூப்பிட்டு, என் கணவன் கள்வனா என்று கேட்கிறாள். இல்லை என்று சூரியன் சொல்கிறான். இந்த ஊரை நெருப்பு உண்ணும் என்றும் சொல்கிறான். மன்னனின் அவைக்குப் போவதற்கு முன்பே தீர்ப்பு வந்துவிட்டது. அதன்பின் அவள் சிலம்பை உடைத்தது மனிதருக்குக் காட்டத்தான்.

எகிப்திலும் இந்தச் சரடு உண்டு என்பதை மறைக்கக் கூடாது. உண்மையும் ஒழுங்குமான மாஅத் என்ற தேவி ராவின் மகள். இறந்தவனின் இதயத்தைத் தராசில் வைத்து அவளுடைய ஓர் இறகுக்கு எதிராக நிறுப்பார்கள். அங்கே அந்தத் தராசு இருப்பது பாதாளத்தில். கண்ணகிக்கு விடை கிடைத்தது பட்டப்பகலில், ஊரறிய.

கல்வெட்டுகளில் இதே நம்பிக்கை வேறு உருவில் வருகிறது. புதுக்கோட்டை சமஸ்தானம் தன் கல்வெட்டுகளை 1929-இல் நூலாக அச்சிட்டது, ஆயிரத்துக்கும் மேற்பட்டவை. விளக்குக்கு ஆடு, திருவமுதுக்கு நெல், நந்தவனத்துக்கு நிலம் என்று எதைக் கொடுத்தாலும் எவ்வளவு காலத்துக்கு என்ற இடத்தில் வரும் சொல் சந்திராதித்தவரை. சூரியனும் சந்திரனும் உள்ளவரை. கொடைக்கல்லின் உச்சியில் ஒரு வட்டமும் பிறையும் வெட்டியிருப்பதும் இதைச் சொல்லத்தான். எழுத்துத் தெரியாத உழவனும் விரலால் தடவி அதைப் படித்துவிடுவான். ஓர் எகிப்தியப் பூசாரியிடம் இந்த வாசகத்தைக் காட்டியிருந்தால் திகைத்திருப்பார் என்று தோன்றுகிறது. இன்றிரவு தப்புவானா என்று அவர் காவல் காத்த ஒருவனை, காலத்தின் அளவுகோலாக நம்பி நாம் நிலத்தை எழுதி வைத்தோம்.

கதிர் கருவறைக்குள் விழும் அதிசயத்திலும் இந்த வேறுபாடு தெரிகிறது. இரண்டாம் ராம்செஸ் பாறையைக் குடைந்த அபு சிம்பெல் கோயிலில் ஆண்டுக்கு இருமுறை, இப்போது பிப்ரவரி 22-லும் அக்டோபர் 22-லும், விடிகாலை ஒளி நெடுந்தூரம் உள்ளே போய்க் கருவறைச் சிலைகளைத் தொடும். ரா, ஆமுன், நடுவே மன்னன் ராம்செஸ். ஓரத்தில் கைவினைஞர்களின் தெய்வமான ப்தா மட்டும் நிழலிலேயே இருப்பார். அணைக்காக 1960-களில் கோயிலை அறுத்து மேட்டுக்கு மாற்றியதில் நாள் ஒன்று தள்ளிப்போனது. அங்கே சூரியன் வந்து மன்னனைத் தெய்வமாக்குகிறான். நம் ஊர்களில் அதே ஒளி லிங்கத்தின்மேல் விழும் நாளுக்குப் பெயர் சூரிய பூஜை. அதாவது சூரியன் வந்து கும்பிடுகிறான். அவன் பூசித்த தலங்கள் என்றே ஒரு பட்டியல் நம்மிடம் உண்டு. கிழக்கு வாசல் கோயில்களில் வாசலுக்கு உட்புறம் அவன் மேற்கே பார்த்து நிற்பதும் இதனால்தான். அவன் பார்வை இருப்பது உள்ளே இருக்கும் சிவன்மேல்.

எகிப்துக்கும் நமக்கும் சூரியன் வழியாக நேரடி உறவு உண்டா என்பது தனிக் கேள்வி. உண்டு என்று அடித்துச் சொன்னவர்கள் உண்டு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எலியட் ஸ்மித்தும், 1923-இல் ‘சூரியனின் பிள்ளைகள்’ என்ற நூலை எழுதிய பெர்ரியும், பெருங்கல் நாகரிகமும் சூரிய வழிபாடும் எகிப்திலிருந்தே உலகெங்கும் பரவின என்றார்கள். சித்தன்னவாசல் போகும் வழியில் கிடக்கும் கல்வட்டங்களையும் கற்பதுக்கைகளையும் பார்த்தால் அப்படி நினைக்கத் தோன்றலாம். கிழக்குப் பலகைக் கல்லில் வட்டமாக இடுதுளை போட்டவைகூட உண்டு. ஆனால் நம் பெருங்கற்காலம் இரும்போடு சேர்ந்து வந்தது. பிரமிடுகளுக்கு ஆயிரம் ஆண்டுக்கும் மேல் பிந்தியது. இடையில் கண்ணி எதுவும் இல்லை. ‘ரா’தான் ‘இரவி’, ராம்செஸ்தான் ராமன் என்று இன்றும் சுற்றிவரும் ஒலி ஒப்புமைகளையும் ஒதுக்கியே ஆக வேண்டும். ராம்செஸ் என்பது ரா பெற்ற பிள்ளை என்று பொருள்படும் எகிப்தியத் தொடர். நம் மொழியின் பழமைக்கு இந்த ஊன்றுகோல் தேவையே இல்லை.

உண்மையான உறவு வணிகத்தில் இருக்கிறது, அதற்குச் சான்று எங்கள் மண்ணிலேயே கிடைத்தது. 1898-இல் ஆலங்குடிப் பக்கம் கருக்காக்குறிச்சியில் ஒரு புதையல்: 501 ரோமானியப் பொற்காசுகள். அகஸ்டஸ் முதல் வெஸ்பாசியன் வரையிலான பேரரசர்களின் காசுகள். பெரும்பாலானவற்றில் பேரரசன் தலையின் குறுக்கே உளியால் ஒரு வெட்டு. நாணயமாகச் செல்லாது, தங்கமாக மட்டுமே மதிப்பு என்று யாரோ தீர்மானித்த அடையாளம் அது. எகிப்து ரோமின் கைக்குப் போனது கி.மு. 30-இல். அதன்பின் ரோமின் இந்திய வணிகம் பெரும்பாலும் நைல் வழியாகச் செங்கடல் துறைகளுக்கு வந்துதான் நடந்தது. அந்தத் துறைகளில் ஒன்றான பெரெனிகேயில், செராபிஸ் கோயில் முற்றத்தில் புதைத்திருந்த இந்தியப் பானையில் 7.55 கிலோ கருமிளகு கிடைத்தது. அதற்கும் வெகுகாலம் முன்பே, கி.மு. 1213-இல் இறந்த இரண்டாம் ராம்செஸின் மூக்கில் மிளகு வைத்திருந்தார்கள். நம் மேற்கு மலைகளில் கொடியேறிய மிளகு, ராவின் மகனோடு மறுபிறப்புக்குக் காத்திருந்தது.

இன்னொரு துறையான குசெய்ர் அல் காதிமில் கிடைத்த பானை ஓடுகளில் தமிழ் பிராமி எழுத்தில் நம் ஆட்களின் பெயர்கள் உள்ளன. ஒன்றில் சாத்தன், ஒன்றில் கண்ணன். இன்னொன்றில், தொங்கவிடும் பானை என்று பொருள்பட, உறியோடு சேர்த்து எழுதியிருக்கிறது. பருவக்காற்றுக்காக மாதக்கணக்கில் அங்கே காத்திருந்தவர்கள் அவர்கள். விடிகாலையில் சாத்தன் துறையில் நின்றால் செங்கடலுக்குமேல் சூரியன் எழும். அதன் கீழேதான் அவனுடைய ஊர். சாயங்காலம் அதே சூரியன் பாலைவனத்து மொட்டை மலைகளுக்குப் பின்னால் இறங்கும். அந்த மலைகளுக்கு அப்பால், நைல் கரைக் கோயில்களில், அவன் திரும்பி வருவதற்கான மந்திரங்களை இன்னும் ஓதிக்கொண்டிருந்தார்கள்.

அன்று எங்கள் முற்றத்தில் பதினொன்றே கால் மணி வாக்கில் கிரகணம் விட்டது. உலக்கை சாயவில்லை. அப்பாயி கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு தானே போய் அதைக் குழந்தையைத் தூக்குவதுபோல் எடுத்துச் சுவரில் சாத்திவிட்டு, தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டு, ஈரப் புடவையோடு கிழக்கே பார்த்துக் கும்பிட்டார். அதன்பிறகுதான் அடுப்பு மூட்டினார்.